ஜோடியக்கா

ஜோடியக்காவைக் கல்யாணத் தரகர் என்று நினைத்து ஒருவர் தன் மகனின் போட்டோவோடு வந்து நின்ற கதையை அந்த அலுவலகத்தில் இன்றும் சொல்லிச் சிரிப்பார்கள். எல்லாம் வாசல் காவலர் பார்த்த வேலை. "ஜோடி சேக்குற அம்மாதானே, மூணாவது மாடி" என்று கைகாட்டி அனுப்பிவிட்டார். அக்கா அந்த மனிதரை உட்காரவைத்து, தண்ணீர் கொடுத்து, தான் சேர்த்துவைப்பது நாடாளுமன்ற உறுப்பினர்களை மட்டும்தான், அதுவும் ஒரு நாள் கூத்துக்கு என்று பொறுமையாக விளக்கினார். அனுப்பும்போது, பையன் என்ன வேலை பார்க்கிறான் என்று விசாரிக்கவும் மறக்கவில்லை. அவர் சுபாவம் அப்படி.

நான் அங்கே ஆராய்ச்சிக்குப் போனவள். மானுடவியல் படித்தவர்கள் என்றால் காட்டுக்கும் மலைக்கும் போய் யாரையாவது பார்த்து எழுதுவார்கள் என்றுதான் என் வீட்டிலேயே நினைத்துக்கொண்டிருந்தார்கள். சட்டம் போடுகிறவர்களும் ஒரு கூட்டம்தானே, அவர்களுக்கும் பழக்கவழக்கம் இருக்குமே, அதைப் பார்த்துவிட்டு வா என்றார் என் பேராசிரியர். "பார், கேள், எழுது. எதிலும் தலையிடாதே" என்பதுதான் அவர் சொல்லி அனுப்பிய ஒரே புத்திமதி. முதலில் பார்வையாளர் மாடத்தில் உட்கார்ந்தேன். கீழே ஒருவர் காலி நாற்காலிகளைப் பார்த்து ஆவேசமாகப் பேசிக்கொண்டிருப்பார். பக்கத்தில் இருப்பவர் நகம் வெட்டிக்கொண்டிருப்பார். ஜனநாயகத்தின் மேல் எனக்கு இருந்த மரியாதையெல்லாம் கொட்டாவியாக வெளியேறிக்கொண்டிருந்தது. கெஞ்சிக் கூத்தாடி ஆளும் கட்சிக் கொறடாவின் அலுவலகத்தில், ஜெராக்ஸ் மெஷினுக்கும் ஜன்னலுக்கும் நடுவில் ஒரு நாற்காலி வாங்கினேன். அன்று முதல் அங்கே என் பெயர் 'ஆராய்ச்சி'.

கொறடா என்பவர் தன் கட்சிக்காரர்களை ஓட்டு நேரத்துக்கு உள்ளே கொண்டுவந்து சேர்க்கிறவர். மேய்க்கிறவர் என்று சொன்னால் கோபித்துக்கொள்வார்கள். வேலை என்னவோ அதுதான். அந்த வேலையில் பாதியைப் பார்த்தது அவருடைய உதவியாளரான அக்கா. யாருக்குச் சர்க்கரை, யாருக்கு மாமியாரோடு தகராறு, யார் மதியம் சாப்பிட்ட பிறகு உலுக்கி எழுப்பினால்தான் எழுவார், எல்லாம் அவருக்கு அத்துப்படி. ஓட்டுக்கு மணி அடித்ததும் உறுப்பினர்கள் படியேறி ஓடிவருவார்கள். எதற்கு ஓட்டு என்று பாதிப் பேருக்குத் தெரியாது. வாசலில் நிற்கும் அக்காவிடம், "ஆமாவா, இல்லையாம்மா?" என்று மூச்சிரைக்கக் கேட்பார்கள். அக்கா ஒரு வார்த்தை சொல்வார். அதைப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விடுவார்கள். முதல்முறை பார்த்தபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பிறகு பழகிவிட்டது.

ஜோடி சமாச்சாரம் எந்தச் சட்டப் புத்தகத்திலும் இல்லை. ஒரு கட்சி உறுப்பினருக்கு உடம்பு முடியவில்லை, வீட்டில் சாவு, வர முடியாது என்றால், எதிர்க் கட்சியிலிருந்தும் ஒருவர் அன்றைக்கு ஓட்டுப் போடாமல் ஒதுங்கிக்கொள்வார். கணக்கு சரியாகிவிடும். அந்த இரண்டு பேரைத்தான் ஜோடி என்பார்கள். இந்தப் பக்கம் ஜோடி சேர்க்கிறவர் அக்கா. அந்தப் பக்கம், எதிர்க்கட்சிக் கொறடா அலுவலகத்தில் இருந்த கண்ணாடி அண்ணன். சோடாபுட்டிக் கண்ணாடி போட்டவர். அவர் இவரை அக்கா என்பார், இவர் அவரை அண்ணே என்பார். யார் மூத்தவர் என்பதை இருவருமே கடைசிவரை வெளியே விடவில்லை. வராந்தாவில் தண்ணீர் பிடிக்கும் இடத்தில் நின்று, "எனக்கு ஒண்ணு வேணும்க்கா" என்பார் அவர். "எடுத்துக்குங்கண்ணே" என்பார் இவர். அவ்வளவுதான். எழுத்து இல்லை, கையெழுத்து இல்லை.

ஒரு காலத்தில் இந்தப் பழக்கம் உடைந்துபோயிருந்ததாம். யாரோ யாரையோ ஏமாற்ற, இரண்டு பக்கமும் ஒருத்தரையும் வெளியே விடுவதில்லை என்று வீம்புக்கு நின்றார்கள். அப்போது மூக்கில் ஆக்சிஜன் குழாயோடு ஒரு கிழவரைச் சக்கர நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டு வந்து ஓட்டுப் போட வைத்தார்கள். அந்த வாரமே அவர் போய்ச் சேர்ந்தார். நாற்காலியைத் தள்ளிக்கொண்டு வந்தது அக்கா. சாவு வீட்டு வாசலில் எதிரும் புதிருமாக நின்ற அக்காவும் கண்ணாடி அண்ணனும் அங்கேயே பேசி, மறுபடியும் இந்த ஜோடியை ஆரம்பித்தார்கள். எந்தக் கொறடாவிடமும் கேட்கவில்லை.

அக்காவுக்குக் கல்யாணம் ஆகவில்லை. "ஊருக்கே ஜோடி சேக்குறீங்க, உங்களுக்கு?" என்று யாராவது சீண்டினால், "எதிர்க்கட்சியில ஆள் சரியா அமையல" என்று வாயை அடைத்துவிடுவார். உண்மை வேறு. அப்பா திடீரென்று இறந்தபோது டைப்பிஸ்டாக இங்கே வந்து சேர்ந்தவர். தங்கைக்குத் தலை பின்னி, பள்ளிக்கூடத்தில் விட்டுவிட்டுத்தான் வேலைக்கு ஓடிவருவார். தங்கையைப் படிக்கவைத்து, கல்யாணம் செய்துகொடுத்து, அந்த மாப்பிள்ளை இரண்டு பிள்ளைகளைக் கொடுத்துவிட்டு ஓடிப்போன பிறகு, தையல் மெஷின் வாங்கிக் கொடுத்ததும் அக்காதான். தங்கை வாடகை வீட்டின் முன்னறையில் உட்கார்ந்து தைத்தாள். அந்தத் தெருவில் இருந்த பெண்கள்தான் அவளுடைய வாடிக்கை. தெருவை விட்டால் தொழில் இல்லை.

அந்தத் தெருவைத்தான் மொத்தமாக இடிக்கப்போவதாகச் சொன்னார் வீட்டுக்காரர். மாதக் கடைசிக்குள் காலி செய்யச் சொல்லிவிட்டார். வேறு இடம் பார்த்துக் கொடுக்காமல் குடியிருப்பவர்களை வெளியேற்றக் கூடாது என்று ஒரு மசோதாவை ஆளும் கட்சி கொண்டுவந்திருந்தது. இந்தக் கூட்டத்தொடரில் அது நிறைவேறினால் தங்கை தப்பினாள். தோற்றால் அடுத்த வருடம்தான். அதற்குள் அங்கே தெருவே இருக்காது.

இந்த நிலையில்தான் கண்ணாடி அண்ணன் ஒரு நாள் தண்ணீர் பிடிக்க வந்தார். அவர் கட்சி உறுப்பினர் ஒருவரின் சின்ன மகளுக்கு இதயத்தில் ஓட்டை. மறுநாள் ஆபரேஷன். "ஒண்ணு வேணும்க்கா."

"இதெல்லாம் கேக்கணுமா? போகச் சொல்லுங்க. எங்க வாத்தியாரை எடுத்துக்குங்க."

வாத்தியார் என்பவர் ஓய்வுபெற்ற தலைமையாசிரியர், ஆளும் கட்சியின் பின்வரிசை உறுப்பினர். அக்கா நாளைக்கு வர வேண்டாம் என்று சொன்னால் ஏன் என்றுகூடக் கேட்கமாட்டார். ஆபரேஷன் என்று போன மனிதரும், அக்கா சரி சொல்லிவிட்டார் என்ற ஒரே தைரியத்தில் ஊருக்கு வண்டி ஏறிவிட்டார்.

மறுநாள் காலையில் வந்தால், வாடகை மசோதாவை அன்றைக்கே ஓட்டுக்கு விடுவதென்று மேலிடத்தில் முடிவாகியிருந்தது. அக்கா முகத்தில் அப்படி ஒரு வெளிச்சத்தை நான் பார்த்ததே இல்லை. உடனே தங்கைக்குப் போன் போட்டார். "இன்னிக்கேதான்டி. டிவியைப் போட்டு வை" என்றார். பிறகு உட்கார்ந்து தலைகளை எண்ண ஆரம்பித்தார். மதியத்துக்குள் அந்த வெளிச்சம் போய்விட்டது. சொந்தக் கட்சியிலேயே இரண்டு பேருக்கு ஒரே நேரத்தில் வயிற்றுவலி வந்துவிட்டது. இரண்டு பேருக்கும் ஊரில் வரிசையாக வாடகைக் கட்டடங்கள் இருப்பது ஊரறிந்த விஷயம். அவர்களைக் கழித்துவிட்டுப் பார்த்தால் இரண்டு பக்கமும் சமமாக நின்றது. சமமாக நின்றால் சபாநாயகர் பழையபடியே இருக்கட்டும் என்பார். அதுதான் அங்கே வழக்கம். மசோதா செத்தது.

ஒரே ஒரு ஓட்டு வேண்டும். அந்த ஓட்டு எங்கே இருந்தது என்பதும் அக்காவுக்குத் தெரியும். வாத்தியார் வீட்டில் சம்பந்தி வீட்டார் வந்திருந்தார்கள். அவர்கள் தொல்லை தாங்காமல், வரவேண்டாம் என்று சொல்லியும் வந்து, கீழே நூலகத்தில் செய்தித்தாளை முகத்தில் போட்டுக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தார்.

கொறடா உள்ளே வந்து கதவைச் சாத்தினார். என்னை ஒரு பார்வை பார்த்தார். நான் ஜெராக்ஸ் மெஷினோடு மெஷினாக உட்கார்ந்துகொண்டேன்.

"வாத்தியார் எங்கம்மா?"

"அவரு ஜோடி சார். நேத்தே குடுத்தாச்சு."

"வாபஸ் வாங்க முடியாதா?"

"அந்த மனுஷன் ஆஸ்பத்திரியில இருக்காரு சார். பொண்ணை உள்ள கூட்டிட்டுப் போயிருப்பாங்க."

கொறடா கெட்டவர் என்று சொல்ல எனக்கு வாய் வராது. அந்த மசோதாவுக்காக உண்மையாகவே அலைந்தவர்.

"நான் உங்களை எதுவும் பண்ணச் சொல்லலம்மா. ஆனா அவரு பாட்டுக்கு எந்திரிச்சு உள்ள வந்தா, புடிச்சு நிறுத்தணும்னு சட்டமா இருக்கு?"

"சட்டம் இல்ல சார்."

"அதான் சொல்றேன்." கதவுவரை போனவர் திரும்பி நின்று, குரலை இறக்கி, "உங்க தங்கச்சி வீடும் அந்தத் தெருவுலதானே?" என்று கேட்டார். பதிலுக்குக் காத்திருக்கவில்லை.

அக்கா மேஜையில் இருந்த பேனாக்களை எடுத்து அடுக்கினார், கலைத்தார், மறுபடியும் அடுக்கினார். தலையிடாதே என்ற புத்திமதியெல்லாம் காற்றில் போயிற்று.

"அக்கா, கண்ணாடி அண்ணன்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுப் பாருங்களேன். உங்க தங்கச்சி விஷயம்னா விட்டுக்குடுத்துடுவாரு."

"குடுத்துடுவாரு. அதனாலதான் கேக்கல" என்றார் அக்கா. "அண்ணனை நம்பித்தான் அவங்க கட்சி ஆளு ஆஸ்பத்திரி போனாரு. எனக்காக அண்ணன் விட்டுக்குடுத்தா, சாயங்காலம் அவரு வேலை இருக்குமா?"

"அப்ப பேசாம இருங்க. வாத்தியார் தானா வந்தா வரட்டும். நீங்க ஒண்ணும் பண்ண வேணாம்."

"வரமாட்டாரு. தூங்குறாரு" என்றார். எனக்குச் சொன்னாரா தனக்கே சொல்லிக்கொண்டாரா தெரியவில்லை.

மணி அடித்தது. அந்த மணியைக் கேட்டவர்களுக்குத்தான் அது தெரியும். கழிவறை, கேன்டீன், படிக்கட்டு என்று ஒரு மூலை விடாமல் காதைப் பிய்க்கும். மணி நின்றதும் கதவைப் பூட்டிவிடுவார்கள். பிறகு பிரதமரே வந்தாலும் வெளியேதான். அக்கா வாசலில் போய் நின்றார். நான் எதிர்ச் சுவரோடு ஒட்டிக்கொண்டேன். ஆளும் கட்சிக்காரர்கள் இந்த வாசல் வழியாகவும், எதிர்க்கட்சிக்காரர்கள் வராந்தாவின் மறுகோடி வாசல் வழியாகவும் நுழைவார்கள். கண்ணாடி அண்ணன் அந்தக் கோடியில் நின்றார். அங்கிருந்து அவருக்கு இந்த வாசல் கலங்கலாகக்கூடத் தெரியாது.

"ஆமாவா, இல்லையாம்மா?"

"ஆமா சார். ஆமா. ஆமாண்ணே, சீக்கிரம் போங்க."

கூட்டம் குறைந்தது. வாசல் காவலர் கதவில் கையை வைத்துக்கொண்டார். அப்போதுதான் படிக்கட்டில் அந்த வழுக்கைத் தலை தெரிந்தது.

வாத்தியார் ஓடிவந்துகொண்டிருந்தார். கன்னத்தில் செய்தித்தாளின் மடிப்புத் தடம். ஒரு ஷூவில் லேஸ் அவிழ்ந்து தரையில் இழுபட்டது. அரைத் தூக்கத்தில் இருந்த மனிதருக்கு ஜோடியும் ஞாபகமில்லை, ஒன்றும் ஞாபகமில்லை. மணி கேட்டது, உடம்பு எழுந்தது, கால் ஓடிவந்துவிட்டது. அத்தனை வருடப் பழக்கம். யாரும் அவரைக் கூப்பிடவில்லை, யாரும் தூண்டவில்லை. நாளைக்கு யார் கேட்டாலும் பாவம், தூக்கக் கலக்கம் என்று சிரித்துவிட்டுப் போய்விடலாம். அக்கா மேல் ஒரு தூசி விழாது.

அக்காவின் முன்னால் வந்து நின்று, மூச்சு வாங்க, வாத்தியார் எப்போதும் கேட்பதைக் கேட்டார்.

"ஆமாவா, இல்லையாம்மா?"

அக்கா கையில் இருந்த போன் அதிர்ந்தது. திரையில் தங்கையின் முகம். சொல்லுங்கள் அக்கா, ஆமா என்று சொல்லுங்கள், காலையிலிருந்து ஊருக்கெல்லாம் சொன்ன வார்த்தைதானே என்று நான் மனதுக்குள் கத்தினேன்.

"நீங்க இன்னிக்கு ஜோடி சார்" என்றார் அக்கா.

"அப்படியா?"

"நேத்தே சொன்னேனே சார்."

"மணி அடிச்சுதேம்மா."

"உங்களுக்கு இல்ல சார். போய் உக்காருங்க."

வாத்தியார் மலங்க மலங்க விழித்துவிட்டுத் திரும்பினார். அதே நேரம் உள்ளேயிருந்து கொறடா அவரைப் பார்த்துவிட்டார். "சார், வாங்க, வாங்க" என்று குரல் வந்தது. கூப்பிட்ட குரலுக்குப் பழகிய மனிதர், சட்டென்று மறுபடியும் உள்ளே திரும்பினார். எந்த உறுப்பினரையும் விரலால்கூடத் தொட்டறியாத அக்கா, எட்டி அவர் கோட்டுக் கையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார். மணி நின்றது. கதவு மூடியது. அதன் பிறகும் அவர் கையை விடவில்லை. "விடும்மா, நான் எங்கயும் போகல" என்று வாத்தியார்தான் மெதுவாகச் சொன்னார்.

சமமாகத்தான் விழுந்தது. பழையபடியே இருக்கட்டும் என்றார் சபாநாயகர். வராந்தா டிவியில் அதைப் பார்த்துவிட்டு எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அளவே இல்லை. யார் மேல் என்றுதான் புரியவில்லை. கொறடா வெளியே வந்தார். "சட்டம் இல்லைன்னு நீங்களே சொன்னீங்க" என்றார். "ஆமா சார். சட்டம் இல்ல" என்றார் அக்கா. அடுத்த வாரமே அவரைப் பழைய கோப்புகள் வைத்திருக்கும் அறைக்கு மாற்றிவிட்டார்கள். அங்கே ஜோடி சேர்க்கக் கரப்பான்பூச்சிதான் இருந்தது.

கண்ணாடி அண்ணன் மறுகோடியிலிருந்து நடந்துவந்தார். என்ன நடந்தது என்று அவருக்குத் தெரியாது. "பாப்பாவுக்கு நல்லபடியா முடிஞ்சுதாம்க்கா. இப்பதான் போன் வந்துச்சு" என்றார். "நல்லதுண்ணே" என்றார் அக்கா.

சாயங்காலம் புறப்படும்போது அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டார். "நீயும் வா" என்றார். தங்கை வீட்டுக்குப் போனோம். முன்னறை முழுக்க, தைத்த துணிகளும் தைக்காத துணிகளுமாக மூட்டைகள். பிள்ளைகள் இரண்டும் மெஷினுக்கு அடியில் உட்கார்ந்து வீட்டுப்பாடம் எழுதிக்கொண்டிருந்தன. தங்கை அழுது முடித்திருந்தாள். எங்களைப் பார்த்ததும் கோபம் பொங்கிவிட்டது. கொறடாவை, அவர் கட்சியை, வயிற்றுவலிக்காரர்களை ஒருவர் விடாமல் வாங்கு வாங்கென்று வாங்கினாள்.

"ஒரே ஓட்டாமேக்கா. எவனோ ஒருத்தன் வரலையாமே. எங்க போய்த் தொலைஞ்சான் அவன்?"

இங்கே சொல்லியே ஆகவேண்டிய கட்டாயம் அக்காவுக்கு இல்லை. அந்த வாசலில் நடந்தது தங்கைக்குத் தெரிய வழியே இல்லை. நான் அக்காவையே பார்த்தேன். வேண்டாம் என்று தலையைக்கூட ஆட்டினேன்.

"வந்தாருடி. நாந்தான் நிறுத்துனேன்" என்றார் அக்கா. பிறகு ஜோடியை, ஆஸ்பத்திரியை, அந்தக் குழந்தையை, எல்லாவற்றையும் நின்றபடியே சொன்னார். பிள்ளைகள் எழுதுவதை நிறுத்திவிட்டன.

தங்கை கத்துவாள் என்று நினைத்தேன். அவள் மெஷினில் பாதி தைத்து நின்ற துணியை உருவி மடித்து ஓரமாக வைத்தாள். இன்னொன்றை எடுத்து மடித்தாள். அக்கா உதவிக்குக் கையை நீட்டியபோது, துணியைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

"அவரை நிறுத்துனதைக்கூட என்னிக்காவது மறந்துடுவேன்க்கா. அதுவும் யாரோ பெத்த புள்ளதானே. ஆனா அதை வந்து என்கிட்ட ஏன் சொன்ன? சொல்லாம இருந்திருந்தா, அந்தக் கொறடாவைத் திட்டிட்டு உன் மடியில படுத்து அழுதிருப்பேன். இப்ப நான் யார்கிட்டப் போய் அழுறது?"